பேட்டைக் கோர்ட்டில் போடாத மனு

என் மகளை என்னிடம் ஒப்படைக்கச் சொல்லித்தான் மனுப் போட்டேன். நானும் அவள் அப்பாவும் பிரிந்ததும் குழந்தையோடு கண்டோன்மெண்ட் பக்கம் ஜீவனஹள்ளியில் என் அப்பா வீட்டுக்கு வந்துவிட்டேன். அவளுக்கு அப்போது பேச்சுகூடத் திருந்தவில்லை. பண்டிகைக்கு அழைத்துப் போகிறேன் என்று சிட்டியில், நாங்கள் பேட்டை என்று சொல்லும் பக்கத்தில், இருந்த தன் வீட்டுக்குத் தூக்கிப் போன மனுஷன் திருப்பி அனுப்பவே இல்லை.

அப்பா அசல் கண்டோன்மெண்ட்காரர். அது வெள்ளைக்காரன் ஆண்ட பக்கம், பேட்டை மகாராஜா ஆண்ட பக்கம். வெள்ளைக்காரன் போய், இரண்டு பக்கமும் ஒரே சர்க்காரின் கீழ் வந்த பிறகும் அவருக்குப் பேட்டை அயலூர்தான்.

"நம்ம கோர்ட்டு இங்க இருக்க, பேட்டைக்கு எதுக்கும்மா போவணும்? அங்க கன்னடத்துலயே பேசி நம்மள கவுத்துடுவானுங்க."

நானும் தலையாட்டினேன். பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்துகிறவள். என் புத்தி எங்கே போயிற்றோ!

விசாரணையன்று எதிர்த்தரப்பு வக்கீல் ஒரே போடாகப் போட்டார். குழந்தை இருப்பது பேட்டையில், இந்தக் கோர்ட்டுக்கு அதிகாரமே இல்லை என்றார். எங்கள் வக்கீல் என்னை வராந்தாவுக்கு அழைத்தார்.

"தள்ளுபடி ஆயிட்டா கஷ்டம்மா. நாமளே வாபஸ் வாங்கிக்கலாம். பேட்டையில மறுபடி போட பர்மிஷன் வாங்கித் தரேன்."

"அப்ப கொழந்த?"

"அதான் மறுபடி போடலாமே."

ஜட்ஜ் அனுமதி கொடுத்தார். கேஸ் ஜெயித்த மாதிரி அப்பா தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தார்.

பிறகு கோர்ட்டுக்குக் கோடை லீவு. அது முடிவதற்குள் அப்பா கைகால் விழுந்து படுத்துவிட்டார். வருஷக்கணக்கில் கிடந்தார். அவரை விட்டு என்னால் நகர முடியவில்லை. அவர் போய்ச் சேர்ந்த பிறகு, மனு எழுதுமுன் மகளை ஒருமுறை பார்த்துவிடலாமென்று பேட்டைக்குப் போனேன். அவள் அப்பா இரண்டாவது கல்யாணம் செய்துகொண்டது காதுக்கு வந்திருந்தது.

கதவைத் திறந்தது என் மகள்தான். ரெட்டைச் சடை, என் நெற்றி. என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு உள்பக்கம் திரும்பினாள்.

"அம்மா, யாரோ பந்தித்தாரே!"

யாரோ வந்திருக்கிறார்களாம், கன்னடத்தில் சொன்னாள்.

உள்ளேயிருந்து ஒருத்தி கையைத் துடைத்துக்கொண்டே வந்தாள். என் மகள் ஓடிப்போய் அவள் முந்தானையைப் பிடித்துக்கொண்டாள். வீடு மாறி வந்துவிட்டேன் என்று சொல்லிப் படியிறங்கினேன்.

மறுபடி மனுப் போடவில்லை. போட்டிருந்தால், உன் அம்மா யார் என்று ஜட்ஜ் அவளைக் கேட்டிருப்பார். அந்தப் பதிலை இன்னொரு தடவை கேட்கும் தெம்பு எனக்கில்லை.