பாரிசில் தெரியாத வால்வெள்ளி

வானத்தில் இன்றுவரை என் பெயரில் ஒன்றும் இல்லை. பன்னிரண்டு வயதில் அதற்காக நான் எடுத்த முயற்சியைக் கேட்டால், இல்லாமற்போனதே நல்லது என்று நீங்களும் சொல்வீர்கள்.

அறுபதுகளின் நடுப்பகுதி. வட்டுக்கோட்டைக்குக் கிட்ட, வயற்கரையில் எங்கள் வீடு. அடுத்த வளவில் பெரியப்பா. மலாயாவில் உத்தியோகம் பார்த்துவிட்டுப் பென்சனோடு திரும்பியவர், ஒரு பைனாகுலரையும் கொண்டுவந்திருந்தார். அதற்கு அவர் கொடுத்த ஒரே வேலை, கறுத்தக்கொழும்பான் மாமரத்தில் யார் ஏறுகிறார்கள் என்று விறாந்தையில் இருந்தபடி கண்காணிப்பது. கண் மங்கத் தொடங்கியதும் அந்தப் பொறுப்பை என்னிடம் ஒப்படைத்தார். அந்த மரத்தில் அதுவரை அதிகம் ஏறியவன் நான்தான். அனுபவத்தை வைத்துப் பார்த்தால் சரியான நியமனம்.

கள்ளனே காவலாளியானபின் மரத்தைப் பார்க்க என்ன இருக்கிறது? பைனாகுலரை மேலே திருப்பினேன்.

பெரியப்பாவின் அலுமாரியில் வானத்தைப் பற்றி ஓர் ஆங்கிலப் புத்தகம் இருந்தது. என் அரைகுறை ஆங்கிலத்துக்கு அதிலிருந்து விளங்கியது இவ்வளவுதான். இருநூறு ஆண்டுகளுக்கு முன் பாரிசில் ஒரு வானியலாளர் வால்வெள்ளி என்னும் வால்நட்சத்திரங்களை வேட்டையாடினார். தூரத்தில் வரும் வால்வெள்ளிக்கு வால் தெரியாது, ஒரு புகைப்பொட்டாகத்தான் இருக்கும். ஆனால் நட்சத்திரக் கூட்டங்களும் தூரத்து அண்டங்களும் கூட அப்படித்தான் தெரியும். அவை திரும்பத் திரும்ப மனுசனை ஏமாற்றவே, ‘இவை வால்வெள்ளி அல்ல’ என்று நூற்றுச் சொச்சம் பொட்டுகளைப் பட்டியல் போட்டு வைத்தார். புதிய வால்வெள்ளியைக் கண்டுபிடிப்பவரின் பெயரையே அதற்கு வைப்பார்கள் என்றும் எழுதியிருந்தது. அந்த வரியை மட்டும் நான் பலமுறை வாசித்தேன்.

வைகாசி மாதம், ஒரு நாள் பொழுதுபட்ட நேரம். தெற்கே பனைவரிசைக்கு மேல், மற்ற நட்சத்திரங்களுக்கிடையே, மங்கலாய் ஒரு வெள்ளி நின்றது. பைனாகுலரில் பார்த்தால் பஞ்சுருண்டை! புத்தகத்தின் படத்தில் அந்த இடத்தைத் தேடினேன். பாரிஸ்காரரின் பட்டியலில் அப்படி ஒன்று இல்லை. பட்டியலில் இல்லை, ஆகவே வால்வெள்ளி, ஆகவே என்னுடையது. பாரிசில் நின்று பார்த்தால் எங்கள் தென்வானத்தின் அந்தப் பகுதி அடிவானத்துக்கு மேலே வருவதேயில்லை. காணாத ஒன்றை அந்த மனுசன் எப்படிப் பட்டியலில் போடுவார் என்று நான் யோசிக்கவில்லை.

அந்த வைகாசியில் எங்கள் வீட்டில் இன்னொரு பரபரப்பும் இருந்தது. அம்மாவின் தங்கையான சின்னம்மா எங்களோடு இருந்து, பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் பாலர் வகுப்புப் படிப்பித்துக்கொண்டிருந்தார். ஏற்கெனவே இரண்டு சம்பந்தங்கள் தட்டிப்போய், முப்பதை நெருங்கியிருந்தார். இப்போது கொடிகாமத்தில் ஒரு மாப்பிள்ளை, கொழும்பில் கிளாக்கர். சாதகம் பொருந்தி, ஆனியில் கலியாணம் என்று நாளும் வைத்தாயிற்று. இது கைகூட வேண்டுமென்று அம்மா கீரிமலைக் கோயிலுக்கு நேர்த்தி வைத்திருந்தார். சின்னம்மா கிணற்றடியில் பாட்டு முணுமுணுக்கத் தொடங்கியிருந்தார்.

தாலிக்குப் பொன்னுருக்கும் நாளைப் பற்றிக் கதைக்க, மாப்பிள்ளையின் தாய் ஒரு பின்னேரம் வந்தார். பெரியவர்கள் விளக்கு வைத்த பிறகும் கதைத்துக்கொண்டிருந்தார்கள். என்னை ஒருவரும் கவனிக்கவில்லை. அது எனக்கு எப்போதுமே பொறுக்காது.

“நான் ஒரு வால்வெள்ளி கண்டுபிடிச்சிருக்கிறன்,” என்றேன்.

என்னைப் பெற்ற ஐயா முறைத்தார். “விசர்க்கதை கதையாமல் உள்ளுக்குப் போ.”

“பிள்ளையை ஏசாதேங்கோ. எங்கை தம்பி, காட்டும் பாப்பம்,” என்று மாப்பிள்ளையின் தாய் எழுந்து முற்றத்துக்கு வந்தார். பைனாகுலரைப் பிடிக்கும் விதம் காட்டிக்கொடுத்தேன். கனநேரம் பார்த்தார்.

“உதுக்கு வாலைக் காணேல்லையே?”

“இனித்தான் முளைக்கும். வாற மாதம் நல்லா வளந்திடும்.”

வாற மாதம் என்பது கலியாண மாதம். அந்த அம்மா பைனாகுலரை இறக்கினார். உள்ளே தேத்தண்ணி ஆறியது.

“முந்தி ஒருக்கா வால்வெள்ளி தெரிஞ்ச வருசம்தான் என்ரை பிள்ளையின்ரை தேப்பன் போய்ச் சேர்ந்தவர்,” என்றார் மெல்ல. “நாங்கள் அவசரப்படவேண்டாம். உது போகட்டும், போன பிறகு நாளை வைப்பம். உது எப்ப போகும், தம்பி?”

“ஒரு மாதம். மிஞ்சிப்போனால் ரெண்டு,” என்றேன், வானத்து ஸ்டேசன் மாஸ்டர் மாதிரி.

எனக்குப் பெருமை தாங்கவில்லை. பெரியவர்கள் என் சொல்லைக் கேட்டு ஒரு காரியத்தை மாற்றியது அதுதான் முதல் தடவை. அடுத்த நாள்களில் ஊர் எங்கள் முற்றத்துக்கு வந்தது. வாலைத் தேடியவர்களுக்கு நான் பொறுமையாக விளக்கம் கொடுத்தேன். தவளைக்குஞ்சுக்கு வால் விழும், இதற்கு முளைக்கும், அவ்வளவுதான் வித்தியாசம்.

புத்தகத்தின் அடுத்த பக்கத்தை அதன் பிறகுதான் வாசித்தேன். வால்வெள்ளி நாளுக்கு நாள் மற்ற வெள்ளிகளுக்கிடையே இடம் மாறும், மாறாதது வால்வெள்ளி அல்ல என்று அதில் இருந்தது. என்னுடையது பக்கத்து வெள்ளிகளோடு ஆணி அடித்த மாதிரி நின்றது. ஒரு வாரம் பார்த்தேன், ஒரு நூல் அசையவில்லை. யோக்கியமான பிள்ளை ஓடிப்போய்ச் சொல்லியிருக்கும். நான் புத்தகத்தை மூடி அலுமாரியில் வைத்தேன்.

சின்னம்மாவும் பின்னேரங்களில் பைனாகுலரைக் கேட்டு வாங்கிப் பார்த்தார். ஒரு நாள் கேட்டார்:

“உது நகருதோடா?”

“நகருது சின்னம்மா. மெல்ல.”

“நான் பாத்தளவிலை அப்பிடித் தெரியேல்லை.”

“பழகின கண்ணுக்குத்தான் தெரியும்.”

அவர் இன்னொரு தரம் பைனாகுலரைத் தூக்கி அதையே பார்த்தார். பிறகு பைனாகுலரின் வாரை என் கழுத்தில் மாட்டிவிட்டார். “கவனம், விழுத்திப்போடாதை.” சின்னம்மாவையே ஏமாற்றிப் பேய்க்காட்டிவிட்டேன் என்று எனக்குள் ஒரு சந்தோசம்.

ஆனி போனது. ஆடியும் போனது. கொடிகாமத்து முற்றத்தில் இருந்து பார்த்தாலும் அதே வானம்தானே. “இன்னும் நிக்குதாம்,” என்று சம்பந்தம் பேசிய தரகர் வந்து வந்து சொன்னார். அது எப்படிப் போகும்? இலட்சக்கணக்கான சூரியன்கள் ஒரு பந்தாகத் திரண்ட கூட்டம் அது. அதன் ஒளி எங்கள் பனைகளுக்கு மேல் வந்து சேரவே பதினையாயிரம் ஆண்டுக்கு மேல் ஆகிறது. இதெல்லாம் நான் வளர்ந்தபின் அறிந்தது. அன்று எனக்குத் தெரிந்தது, அது அசையாது என்பது மட்டுமே. வாயைத் திறந்து சொல்வதற்குப் பதிலாக முகில் வரவேண்டுமென்று பிள்ளையாருக்குத் தேங்காய் நேர்ந்தேன். ஆடி மாதத்து யாழ்ப்பாணத்தில் மழைமுகில் கேட்டால் பிள்ளையார்தான் என்ன செய்வார்?

ஆவணியில் மாப்பிள்ளை லீவில் கொடிகாமம் வந்து, இரண்டு வாரம் நின்றுவிட்டுக் கொழும்புக்குத் திரும்பினார். அதன்பின் தரகர் வந்து, விறாந்தையில் இருந்து, தேத்தண்ணியைக் குடித்து முடித்துவிட்டுத்தான் சொன்னார்:

“அவை வேறை இடத்திலை சம்பந்தம் முற்றாக்கிப் போட்டினம்.”

அம்மா அழுதார். ஐயா தரகரை ஏசினார். என்னை ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை. பழி முழுவதும் வால்வெள்ளிக்குப் போய்விட்டது. அதன்பிறகு எங்கள் வீட்டு முற்றத்தில் கலியாணப் பந்தல் போட்டது பல வருடங்கள் கழித்து, என் தங்கைக்குத்தான்.

தரகர் வந்துபோன மறுநாள் காலை சின்னம்மா கிணற்றடியில் தனியே நின்றார். எனக்குச் சாப்பாடு இறங்காத நாள்கள் அவை. போய் முன்னால் நின்றேன்.

“சின்னம்மா, அது வால்வெள்ளி இல்லை.”

“தெரியும்.”

“எப்ப தொட்டு?”

“நகருது எண்டு நீ சொன்ன அண்டு தொட்டு.”

“அப்ப ஏன் நீங்கள் அவைக்குச் சொல்லேல்லை?”

அவர் வாளியைக் கிணற்றுக்குள் இறக்கினார்.

“அவர் ரெண்டு கிழமை லீவிலை வந்து நிண்டவர். ஒரு பஸ் ஏறி வந்து, ‘அம்மா உப்பிடிச் சொல்லுறா, நீர் என்ன சொல்லுறீர்’ எண்டு என்னட்டை ஒரு சொல்லுக் கேப்பார் எண்டு பாத்தன். கேட்டிருந்தால் சொல்லியிருப்பன்.”

கொழும்பில் பேனை பிடிக்கிற மனுசனுக்கு வால்வெள்ளியைப் பற்றி என்ன தெரியும், அவர் வந்து கேட்டு என்ன ஆகப்போகிறது என்று நான் நினைத்தேன். எனக்கு விளங்கியது ஒன்றே ஒன்று. சின்னம்மாவுக்கு முதலே தெரியும், தெரிந்துகொண்டும் பேசாமல் இருந்தவர் அவர். ஆகவே பிழையில் பாதி அவருடையது. சின்னப்பெடியன் என்ற கழிவும் போக, என் பங்கு இன்னும் குறைவு. நெஞ்சு இலேசாகிவிட்டது. அன்று மத்தியானம் சோறு நன்றாக இறங்கியது. இரண்டாம் தரமும் கேட்டேன்.

சின்னம்மாதான் போட்டுத் தந்தார்.