பிண வேடம்

சினிமாவில் நடித்திருக்கிறேன் என்று சொன்னால் எவருக்கும் கண் விரியும். என்ன வேடம் என்று கேட்பார்கள். பிணம் என்பேன். அதன் பிறகு அவர்கள் மழையைப் பற்றிக் கதைக்கத் தொடங்கிவிடுவார்கள்.

எங்கள் வெள்ளவத்தைத் தொடர்மாடியில் மூன்றாம் மாடிப் பெண்பிள்ளை ஒருத்தி, படக் கம்பனிக்காரர் எவரும் இல்லாமல், சிநேகிதர்களைச் சேர்த்துக்கொண்டு ஒரு படம் எடுத்தாள். புறக்கோட்டைப் புடவைக்கடையில் வேலை செய்யும் ஒருவரை யாரோ குத்திக் கொன்றுவிடுகிறார்கள். கொன்றவன் யார் என்று படம் தேடுவதில்லை. அவர் செத்த பிறகு மனைவி என்ன ஆகிறாள், கூட வேலை செய்தவன் என்ன ஆகிறான், கடைசியாக ஏற்றிச்சென்ற ஓட்டோக்காரன் ஏன் அந்தத் தெருவுக்கு வருவதையே விட்டான் என்று போகிறது கதை. நான் வங்கியில் இருந்து ஓய்வுபெற்றவன். இளமையில் மேடை நாடகம் போட்ட கர்வம் இன்னும் போகவில்லை. எனக்கும் ஒரு பாத்திரம் தா பிள்ளை என்று நானாகத்தான் வாய்விட்டுக் கேட்டேன். செத்தவரின் பாத்திரம் தந்தாள். வசனம் ஒன்றும் கிடையாது.

முகம் கறுத்துப்போனாலும் ஒப்புக்கொண்டேன். பிணமாக நடிப்பதும் நடிப்புத்தானே என்று கட்டிலில் கிடந்து மூச்சடக்கிப் பழகினேன். மனைவிக்கு அது பொறுக்கவில்லை. உயிரோடு இருக்கிற மனிதனைச் சவப்பெட்டிக்குள் பார்க்க ஏலாது என்று படப்பிடிப்பு நாளன்று காலையிலேயே இரத்மலானையில் இருக்கும் தன் தம்பி வீட்டுக்குப் போய்விட்டாள்.

கீழ்த்தளத்தில் ஆளில்லாத ஒரு வீட்டைச் செத்தவீடாக மாற்றினார்கள். காலி வீதி என்ற பெருந்தெருவில் இருந்து எங்கள் ஒழுங்கை பிரியும் இடத்தில் கண்ணீர் அஞ்சலிப் பதாகை கட்டினார்கள். பெயர் ஏதோ கற்பனைப் பெயர். படம் என்னுடையது. மகளின் கலியாணத்தில் பட்டு வேட்டி சால்வையோடு எடுத்த படத்தை நான்தான் தேடிக் கொடுத்தேன், அதில் நான் கொஞ்சம் அழகு. எங்கள் சனம் பெயரையா வாசிக்கும்? முகம் தெரிந்தவர் யாரோ அதைப் படம் பிடித்து வாட்ஸ்அப்பில் அனுப்பியிருக்கிறார். அது கொட்டாஞ்சேனையில் இருக்கும் என் அக்காவின் கைத்தொலைபேசிக்கும் போய்ச் சேர்ந்தது.

அக்காவும் நானும் அப்போது கதைப்பதில்லை. சண்டைக்குக் காரணமும் அதே கலியாணம்தான். பெற்றோலுக்கு நாட்கணக்கில் வரிசையில் நின்ற காலத்தில் வந்த கலியாணம். எல்லோருக்கும் அனுப்பியது போல அவளுக்கும் அழைப்பிதழை வாட்ஸ்அப்பில் அனுப்பினேன். கூடப்பிறந்தவளுக்கு வீடு தேடிப் போய்த்தான் சொல்ல வேண்டும், அதுவும் பெண்ணின் மாமிக்கு. எனக்கா அது தெரியாது? பெற்றோல் இல்லை என்று சாட்டுச் சொன்னேன். கொட்டாஞ்சேனைக்கு பஸ் ஓடவில்லையோ என்று ஒரு மச்சாளிடம் கேட்டாளாம். கலியாணத்துக்கு வரவில்லை. இனி அவனுடைய சாவுக்குத்தான் அந்தப் பக்கம் வருவேன் என்றும் சொல்லியிருக்கிறாள். ரோசத்தில் நானும் குறைந்தவனா? வரட்டும், அப்போது வந்தால் போதும் என்று அதே மச்சாளிடம் சொல்லி அனுப்பினேன்.

பெட்டிக்குள் கிடந்தேன். மூக்கில் பஞ்சு, கால் பெருவிரல் இரண்டையும் சேர்த்து வெள்ளைத்துணிக் கட்டு. சுற்றிவரக் கூலிக்கு வந்த பெண்கள் அளவாக அழுதுகொண்டிருந்தார்கள். காட்சி ஓடிக்கொண்டிருக்கும்போது வாசலில் ஒரு சத்தம் கேட்டது. கண்ணை மூடியிருந்தாலும் அந்தக் குரல் எனக்குத் தெரியாதா? அக்கா தலைமாட்டில் விழுந்து என் கன்னத்துக்கு மேலே அழுதாள்.

"என்ர வாய்தானேயடா உன்னைத் திண்டது. சாவுக்குத்தான் வருவன் எண்டு சொன்னன். சாவைக் கொண்டே கூப்பிட்டிட்டியே தம்பி."

படம் எடுத்த பிள்ளை கமெராவை நிறுத்தவில்லை. கூலிக்கு வந்தவர்களில் ஒருத்தி என்று நினைத்திருக்கிறாள். நான் எழும்பியிருக்க வேண்டும். எழும்பினால் காட்சி கெட்டுவிடும், பிள்ளையின் காசு வீண் என்று முதலில் நினைத்தது உண்மைதான். ஆனால் அது கொஞ்ச நேரத்துக்குத்தான் பொருந்தும். பிறகும் கிடந்தேனே, அதற்கு என்ன சொல்வது? எனக்கு அது பிடித்திருந்தது. இத்தனை காலம் விறைத்துக்கொண்டு நின்றவள் என்னை நினைத்து இப்படி அழுகிறாள் என்று உள்ளுக்குள் ஒரு சந்தோசம். சீ, அதை எழுதவே கை கூசுகிறது.

அழுதபடி அவள் கால்மாட்டுக்குப் போனாள். என் இரண்டு பாதங்களையும் பிடித்துக்கொண்டாள். ஒரு கணம் அழுகை நின்றது. பிறகு குரலைத் தாழ்த்தி, தன் மனக்குறைகளை ஒவ்வொன்றாகச் சொன்னாள். முழங்காலில் ஒப்பரேசன் செய்து ஆசுப்பத்திரியில் கிடந்தபோது பின்னேரங்களில் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாளாம். எனக்கு அந்த ஒப்பரேசன் தெரியும். மச்சாள் சொல்லியிருந்தாள். போகவில்லை.

"எழும்படா தம்பி. ஒருக்கா எழும்பி அக்காவைப் பாரடா."

செத்தவீட்டில் எல்லோரும் சொல்வதுதானே. திரும்பவும் சொன்னாள். நான் அசையாமல் கிடந்தேன்.

கட் என்ற சத்தம் கேட்டதும் கைதட்டினார்கள். கண்ணைத் திறந்தேன். அக்கா திடுக்கிடவும் இல்லை, திட்டவும் இல்லை. சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "பஞ்சை எடு" என்றாள். நான் காற்கட்டை அவிழ்த்து இறங்குவதற்குள் வெளியே நின்ற ஓட்டோவில் ஏறிப் போய்விட்டாள். அறையில் கழற்றிப் போட்ட சட்டைப் பையில் இருந்த என் தொலைபேசியில் அவளுடைய தவறிய அழைப்புகள் வரிசையாகக் கிடந்தன.

அது என் சொந்த அக்கா என்றதும் இயக்குநர்ப் பிள்ளைக்கு அழுகை வந்துவிட்டது. அவர் சம்மதிக்காமல் அந்தக் காட்சியைப் போடமாட்டேன் என்று சொன்னாள். சில மாதம் கழித்து வந்து, அங்கிள், படம் அந்தக் காட்சியை நம்பித்தான் நிற்கிறது, கேட்டுப் பார்க்கிறீங்களா என்றாள். அதற்கிடையில் நான் அக்காவுக்கு ஒருமுறையாவது போன் எடுத்தேனா? இல்லை. என்ன சொல்லி எடுப்பது?

இந்த முறை கொட்டாஞ்சேனைக்கு பஸ்ஸில் போனேன். கையில் ஒரு பையில் இரண்டு குலை முந்திரிகைப் பழம். அத்தான் கதவைத் திறந்து, வா என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே போனார். துறைமுகத்தில் வேலை செய்து ஓய்ந்த மனிதர், வேதக்காரர், என்னிடம் ஒருநாளும் குரல் உயர்த்தாதவர். அக்கா மாதா படத்துக்குக் கீழே கதிரையில் முழங்காலை நீட்டி வைத்துக்கொண்டு இருந்தாள்.

படத்தைப் பற்றிச் சொன்னேன். அவள் சொன்னதை நான் கேட்டுவிட்டேன் என்று தெரிந்தால் அவளுக்குத்தான் கூச்சமாக இருக்கும் என்று நினைத்து, வழியெல்லாம் யோசித்து வைத்திருந்த பொய்யை எடுத்துவிட்டேன்.

"நான் பெட்டிக்குள்ள நித்திரையாப் போனனான் அக்கா. ஒண்டும் கேக்கேல்லை."

அவள் என்னை நன்றாகப் பார்த்தாள்.

"தலைமாட்டில அழுத நேரம் எனக்கு நீ செத்துத்தான் போனாய்," என்றாள். "பிறகு காலைப் பிடிச்சன். சுட்டுது."

அப்படியென்றால் ஏன் அழுதீங்கள் என்று கேட்டேன். வேறென்ன கேட்பது?

"எழும்புவாய் எண்டு பாத்துக்கொண்டு இருந்தன்."

அத்தான் தேத்தண்ணி கொண்டுவந்து வைத்தார். முந்திரிகைப் பழப் பையை எங்கே வைப்பது என்று தெரியாமல் மடியிலேயே வைத்துக்கொண்டிருந்தேன். மன்னியுங்கோ என்று ஒரு சொல் சொல்லியிருக்கலாம். தேத்தண்ணியைக் குடித்தேன்.

வெளிக்கிடும்போது அவளே கூப்பிட்டுச் சொன்னாள்: "போடச் சொல்லு. படம் காட்டுற நாளை நேர வந்து சொல்லு. போனில அனுப்பாதை."

நேரே போய்ச் சொன்னேன். மனைவியையும் கூட்டிக்கொண்டு போய்ச் சொன்னேன். சின்ன மண்டபம், நூறு பேர் கூட இருக்க மாட்டார்கள். அக்கா எனக்குப் பக்கத்துக் கதிரையில் இருந்தாள். அந்தக் காட்சி வந்தது. தலைமாட்டில் அழுகிறாள், கால்மாட்டுக்கு வருகிறாள், பாதத்தைப் பிடிக்கிறாள். அழுகை நிற்கிறது. நிமிர்ந்து என் முகத்தைப் பார்க்கிறாள். பெட்டிக்குள் கிடந்தவனுக்கு அது தெரியாது. திரையில் அது பெரிதாகத் தெரிந்தது, அவள் காத்துக்கொண்டிருப்பது. எழும்படா என்று என் மனம் என்னைப் பார்த்தே கத்தியது. திரையில் கிடந்தவன் கண்ணிமை கூட அசைக்கவில்லை.

வெளிச்சம் போட்டதும் ஓர் இளம் பிள்ளை ஓடிவந்து என் கையைப் பிடித்துக் குலுக்கினாள்.

"அவ அவ்வளவு அழுதும் நீங்கள் அசையவே இல்லையே அங்கிள். எப்பிடி ஏலுமாயிருந்தது?"

நான் சிரிக்கப் பார்த்தேன். அக்கா கைப்பிடியை ஊன்றி, முழங்காலை மெல்ல நிமிர்த்தி எழும்பினாள்.

"அவன் அப்பிடித்தான் பிள்ளை," என்றாள்.