நான் வரவழைத்த மழை

சுருளிப்பட்டியில் அந்த வருடம் பெய்த மழையை வரவழைத்தது நான்தான் என்று ஒன்பது வயதில் மனதார நம்பியிருந்தேன். சிரிக்காதீர்கள். என்னிடம் ஆதாரம் இருந்தது.

கம்பத்துக் கொட்டகையில், மலையாளத்திலிருந்து டப்பிங் செய்த ஒரு மாயாஜாலப் படம் பார்த்திருந்தேன். அதில் ஒரு நீலக்கல். கேட்டதைக் கொடுக்கும். பேராசைப்பட்டு மறுபடி கேட்டால் விரலிலிருந்து நீலம் ஏறும். நெஞ்சைத் தொட்டதும் ஆள் கல்லாகிவிடுவான். மறுநாளே, தாய்மாமா குத்தகைக்கு எடுத்திருந்த திராட்சைத் தோட்டத்து மோட்டார் ரூமில், கிழிந்த சாக்குக்குள் அதே கல் மின்னியது! முகர்ந்து பார்த்தேன். வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தேன். நக்கிப் பார்க்கலாமா என்றுகூடத் தோன்றியது. பிறகு சட்டைப்பையில் போட்டுக்கொண்டேன்.

உலகத்தையா கேட்டேன்? கணக்குப் பரீட்சையன்று மழை பெய்து லீவு விட வேண்டும், அவ்வளவுதான். பெய்தது. விட்டார்கள். அதோடு நிறுத்தியிருக்கலாம். அறிவியல் பரீட்சைக்கும் சேர்த்துக் கேட்டேன்.

மழை நிற்கவே இல்லை. நனைந்துகொண்டே தோட்டத்துக்குப் போனால், அறுப்புக்கு நின்ற குலைகளில் பழமெல்லாம் வெடித்திருந்தது. பந்தலுக்கடியில் மாமா குத்தவைத்து உட்கார்ந்திருந்தார்.

"யாவாரி வந்து பாத்தாக," என்றார் அத்தை. "வேணாம்னுட்டுப் போயிட்டாக."

நான் என் விரலைப் பார்த்தேன். நீலம். சட்டையைப் பார்த்தேன். பையிலிருந்து ஒழுகி நெஞ்செல்லாம் நீலம்! முழங்காலை மடக்கிப் பார்த்தேன், மடங்கியது. இன்னும் கொஞ்சம் நேரம் இருக்கிறது.

"மாமா, நான் கல்லாகப் போறேன்! மழையக் கேட்டது நாந்தான்!" என்று அலறிக்கொண்டு அவர் காலில் விழுந்தேன்.

மாமா கல்லைப் பிடுங்கினார். "ஏலே மாப்ள, இத வாயில வச்சியா?"

"இல்ல மாமா. கேக்க மட்டுந்தான் செஞ்சேன்."

"என்னத்தடா கேட்ட?"

"லீவு."

தொட்டித் தண்ணீரில் என் கையைத் தேய்த்துக் கழுவியபடியே மாமா சிரிக்க ஆரம்பித்தார். "கேட்டதுதான் கேட்ட, எங்களுக்கு ஒரு வாரம் வெயிலக் கேட்டிருக்கக் கூடாதாலே?" கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தார். அத்தை சிரிக்கவில்லை. மாமாவே சிரிக்கிறார், அப்படியானால் ஒன்றும் ஆகவில்லை என்று நானும் சேர்ந்து சிரித்தேன்.

அந்த நீலக்கல், திராட்சைக்கு நோய் வராமல் சுண்ணாம்போடு கரைத்து அடிக்கிற மயில்துத்தம். மீதி மூட்டையை மாமா அதற்குப் பிறகு தொடவில்லை. அடுத்த மாதம் தோட்டத்தை விட்டுவிட்டு, அவரும் அத்தையும் மலைமேல் ஏலக்காய்த் தோட்டத்துக் கூலிவேலைக்கு ஜீப் ஏறினார்கள்.