அக்கராயனில் எடுத்த படம்

என் அப்பா வீரகத்தி மூன்று படங்கள் எடுத்தார். கதை, வசனம், இயக்கம், தயாரிப்பு எல்லாம் அவரே. பிழைப்பு நெற்செய்கை. அவர் இறந்து முப்பத்தொரு நாளாகிறது. முதல் படத்தைப் பற்றி மட்டும் எழுதுகிறேன். மற்றவற்றை எழுத இன்னும் முடியவில்லை.

1963 ஐப்பசியில் எங்கள் ஊர் அக்கராயனில் படப்பிடிப்பு தொடங்கியது. காடு வெட்டிக் குடியேறிய ஒரு கணவன் மனைவி. விதைப்பிலிருந்து அரிவெட்டு வரை அவர்கள் படும் பாடுதான் கதை. பதினாறு மில்லிமீற்றர், கறுப்பு வெள்ளை. ஒலிப்பதிவு கிடையாது. படம் ஓடும்போது திரைக்குப் பின்னால் இருந்து நடிகர்களே ஒலிவாங்கியில் வசனம் பேச வேண்டும். நடிக்க வேறு பெண் வராததால் அம்மா விமலேஸ்வரிதான் கதாநாயகி.

அரிவெட்டன்று அப்பா நடுவெயிலில் படச்சுருளை மாற்றினார். ஒளி புகுந்துவிட்டது. கழுவி வந்த சுருளில் ஒன்றுமில்லை. தவறு அவருடையதே.

ஒளிப்பதிவாளர் யோகநாதன், கிளிநொச்சியில் ஸ்ரூடியோ வைத்திருந்தவர், பிந்தி விதைத்ததால் இன்னும் வெட்டாத வேறொரு வயலைக் காட்டினார்.

"அது பச்சைப்பெருமாள் நெல். நான் விதைச்சது மொட்டைக்கறுப்பன்," என்றார் அப்பா.

"கறுப்பு வெள்ளைப் படத்தில அது ஆருக்கு அண்ணை தெரியப்போகுது?"

"பாக்கப்போறவன் கமக்காரன். கதிர் சாயிற சாய்வில பிடிச்சிடுவான்."

அதே வயலில் அதே நெல்லை மறுபடி விதைத்து ஓராண்டு காத்திருந்தார். ஊர் சிரித்தது. 1965 மாசியில் எடுத்த காட்சிகள் துல்லியமாக வந்தன. கதிர் பொருந்தியது. ஆனால் அம்மா அப்போது ஏழு மாதம், வயிற்றில் நான். நெற்கட்டை முன்னால் பிடிக்கச் சொல்லி எடுத்திருக்கிறார். மறையவில்லை.

ஆவணியில் முள்ளியவளையில் முதற் காட்சி. நானூறு பேர். அரிவெட்டு வந்ததும் ஆண்கள் அசையாமல் பார்த்தார்கள். நெல்லில் ஒருவரும் குறை சொல்லவில்லை. முன்வரிசையில் ஒரு பெண் குரல் கேட்டது.

"விதைச்சு நாலு மாசம். வயிறு ஏழு மாசம். எப்பிடியடி?"

சிரிப்பு பரவியது. புரொஜெக்ரர் ஓடிக்கொண்டிருந்தது. அடுத்த வசனம் அம்மாவுடையது. அவர் என்னை மடியில் வைத்திருந்தார். அப்பா ஒலிவாங்கியைத் தன் பக்கம் இழுத்தார். எழுதிய கொப்பியில் இல்லாததைக் கணவன் குரலில் பேசினார்:

"இஞ்சாரும், போன போகம் முழுக்க அழிஞ்சுபோச்சு. இது ரெண்டாம் விதைப்பு. பிள்ளை பிறக்கிற வீட்டில இந்த முறை நெல் இருக்கும்."

சிரிப்பு நின்றது. ஒரு போகமாவது அழியக் கொடுக்காதவர் அங்கே யாரும் இல்லை.

"அப்ப சரி," என்றாள் முன்வரிசைப் பெண்.

படம் பத்தொன்பது ஊர்களில் ஓடியது. எல்லா ஊரிலும் அந்த வசனத்தை அப்பாவே பேசினார். எல்லா ஊரிலும் அந்த இடத்தில் கை தட்டினார்கள்.