கந்தவேலைக் கூப்பிட்ட பாட்டு

சௌந்திரம் அக்காவின் குரலை நீங்கள் கேட்டிருப்பீர்கள். பேரைக் கேட்டிருக்க மாட்டீர்கள். டி.வி.யில் கோரஸ் பாடுகிறவர்களுக்குப் பேர் போடும் வழக்கம் கிடையாது. போட்டால் திரை தேய்ந்துவிடும் போலிருக்கிறது.

எங்கள் குழுவில் மூன்றே பேர்: அக்கா, நயீம், மைதிலியாகிய நான். கொண்டப்பநாயக்கன்பட்டியில் ஒரு பெயின்ட் கடையின் மாடியில் நயீமின் ஸ்டுடியோ. எதிரொலி அடங்கச் சுவரெல்லாம் முட்டை அட்டை. கோழிப்பண்ணைகள் நிறைந்த எங்கள் பக்கம் அதற்கா பஞ்சம். அமெரிக்கக் கறுப்பின மக்களின் ஃபங்க், சோல் பாட்டு கிடைத்தால் நயீமுக்குச் சோறு வேண்டாம். பேஸ் கிட்டார் இடுப்பை ஆட்ட வேண்டும், குரல் நெஞ்சை உலுக்க வேண்டும் என்பான். உள்ளூர் சேனலில் ஜவுளிக்கடை விளம்பரத்தைக்கூட அப்படித்தான் பாடினோம். அக்கா பரமத்தி வேலூர்க்காரர். வெற்றிலைக் கொடிக்காலில் நின்று வாய்க்காலுக்கு அக்கரையில் இருக்கும் ஆளைக் கூப்பிட்டு வளர்ந்த குரல். அதற்கு யாரும் சோல் கற்றுத்தர வேண்டியிருக்கவில்லை.

போன வருஷம் சென்னையிலிருந்து ஒரு சீரியலின் டைட்டில் பாட்டு வந்தது. எங்களுக்கு முதல் பெரிய வேலை. வந்ததே வினையோடு வந்தது. கதாநாயகன் பேர் கந்தவேல். பல்லவி முழுக்க அந்தப் பேர்தான். அக்காவின் கணவர் பேரும் அதுவே.

கட்டினவர் பேரைச் சொன்னால் அவர் ஆயுசு குறையும் என்பது அக்காவின் நம்பிக்கை. கல்யாணமான நாள் முதல் ‘ஏனுங்க’, ‘இந்தாங்க’ என்றே காலத்தை ஓட்டியவர். ரேஷன் கடையில் கேட்டால்கூடப் பக்கத்தில் நிற்பவரைச் சொல்லச் சொல்வார். எந்தக் காலத்தில் இருக்கிறீர்கள் என்று நான் கேலி செய்தேன். சிரித்தாரே தவிர அசையவில்லை. சரியென்று பல்லவியை நானே பாடி அனுப்பினேன். அந்தப் பெரிய குரல்தான் வேண்டும், சாயங்காலத்துக்குள் வராவிட்டால் வேறு குழுவைப் பார்த்துக்கொள்கிறோம் என்று பதில் வந்தது. என் குரலைப் பற்றி அவர்கள் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லாமலே புரிந்தது.

நயீம் கிட்டாரைக் கீழே வைத்துவிட்டான். அவன் முகத்தைப் பார்க்க எனக்கே பாவமாக இருந்தது. அக்காவும் பார்த்தார்.

“நான் பாடறன். அவருகிட்டச் சொல்லீராதீங்க சாமி” என்றார்.

அவர் என்றால் கந்தவேல் மாமா. அக்காவுக்குத் துணையாக பஸ்ஸில் வந்து, கதவுக்கு வெளியே படியில் உட்கார்ந்து பொரி தின்றுகொண்டிருப்பார். என்ன பாட்டு என்று கேட்கவே மாட்டார்.

மூவருக்கும் ஒரே மைக். அக்கா எப்போதும் எங்களுக்குப் பின்னால்தான் நிற்பார். இல்லாவிட்டால் நாங்கள் காணாமல் போவோம். அன்று முன்னால் வந்து, தாலியைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு, அடிவயிற்றிலிருந்து எடுத்தார்.

“கந்தவே...லூ.”

கதவு படாரென்று திறந்தது. துண்டைக் கையில் பிடித்தபடி மாமா நின்றார்.

“வாரேன், வாரேன். என்ன சாமி, என்னாச்சு?”

அக்காவுக்கு ஏதோ ஆபத்து என்று நினைத்துவிட்டார். இல்லாவிட்டால் அவள் வாயில் தன் பேர் வருமா? நாங்கள் விழுந்து விழுந்து சிரித்தோம். அக்கா முந்தானையில் முகத்தை மூடிக்கொண்டார். அழுகிறாரா சிரிக்கிறாரா என்று தெரியவில்லை. பிறகு சுத்தமாக ஒரு தடவை பாடிக் கொடுத்தார். நயீம் குறும்புக்காரன், இரண்டையும் அனுப்பினான். சென்னைக்காரர்களுக்கு மாமா ஓடி வந்ததுதான் பிடித்துப்போனது. இப்போது அந்தப் பாட்டு ‘வாரேன், வாரேன்’ என்றுதான் முடிகிறது.

முதல் ஒளிபரப்பை அவர்கள் வீட்டில் சேர்ந்து பார்த்தோம். தன் குரலை டி.வி.யில் கேட்ட மாமா, பாட்டு முடிந்ததும் டி.வி.யை நிறுத்தினார்.

“இது ஊருக்கே கேக்குது. எனக்கு மட்டும் ஒருக்காக் கூப்புடு.”

ஆயுசு என்று அக்கா ஏதோ முணுமுணுத்தார். இருக்கிற ஆயுசு போதும் என்றார் மாமா. அவ்வளவு பெரிய குரல்காரர் அவர் காதோரம் குனிந்து சொன்னார். பக்கத்தில் உட்கார்ந்திருந்த எனக்குக் கேட்கவில்லை.