மொட்டைக் காய்

"ஒண்ணு கொறையுது," என்றார் சுந்தர்ராஜ். பெட்டிக்குள் கிடந்த கத்தரிகளை மறுபடி கிளறிப் பார்த்தார்.

"பவுனு கொண்டையப் பாருங்க மொதலாளி," என்றாள் ஒருத்தி.

பவுனு கொண்டையிலிருந்து கத்தரியை உருவிக் கொடுத்தாள். "வீட்டுக்காரன் மூக்க நறுக்கலாம்னு வச்சிருந்தேன். அதுவும் போச்சு."

பெண்கள் சிரித்தார்கள். சுந்தர்ராஜும் சிரித்துவிட்டுப் பெட்டியைப் பூட்டினார். ராமுத்தாய் சிரிக்கவில்லை. சுவரோரமாக அடுக்கியிருந்த மூட்டைகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பங்குனியிலிருந்து அவை அதே இடத்தில் இருந்தன.

1940ஆம் வருஷத்துச் சித்திரை மாதம் அது. போடிநாயக்கனூரில் ரயில் நிலையத்துக்குப் போகும் தெருவில் சுந்தர்ராஜின் ஏலக்காய்க் கிட்டங்கி இருந்தது. மலையிலிருந்து உலர்ந்து வரும் காயைச் சொளகில் பரப்பிக்கொண்டு பெண்கள் வரிசையாக உட்காருவார்கள். ஒவ்வொரு காயாக எடுத்து, காம்பை நறுக்கிவிட்டு, மறுமுனையில் பூ வாடி ஒட்டியிருக்கும் வாலையும் நறுக்குவார்கள். ஆழமாகப் பட்டால் காய் வாய் திறந்துவிடும். மேலாகப் பட்டால் திரும்ப வரும். கடைசி ஆளாக ராமுத்தாய் உட்கார்ந்திருப்பாள். அவள் கையைத் தாண்டிய காய்தான் மூட்டைக்குப் போகும். மூட்டை ரயிலில் ஏறித் தூத்துக்குடிக்குப் போகும். அதற்கப்புறம் கப்பல்.

கப்பலேறும் காய்க்கு மட்டும்தான் இந்த வேலை. உள்ளூரில் விற்கிற காய் காம்போடுதான் விற்றது. சீமைக்காரன் ஏன் காம்பில்லாமல் கேட்கிறான் என்பது பெண்களுக்குத் தெரியாது. அவனுக்குத் தொண்டை சின்னது என்றாள் பவுனு. சுந்தர்ராஜிடம் கேட்டதற்கு, "ஸ்வீடன்னு ஒரு தேசம். அங்கன ரொட்டி மாவுல ஏலக்காயப் போட்டுப் பெசையுறாகளாம். கேட்டவனுக்குக் கேட்டபடி குடுக்கணும், அம்புட்டுத்தான்," என்றார். அவருக்கும் தெரியாது.

நறுக்கிய காம்பைப் பெண்கள் மடியில் கட்டிக்கொண்டு போய்ச் சுக்குத் தண்ணியில் போட்டுக் கொதிக்கவைத்தார்கள். அவர்கள் வீடெல்லாம் ஏலக்காய் மணத்தது. காயை விலைக்கு வாங்கியவர்கள் அவர்களில் யாரும் இல்லை.

போன ஆவணியில் சண்டை தொடங்கியது. முதலில் கப்பல் தாமதமானது. பிறகு ஜெர்மனிக்கு இல்லை என்றார்கள். இந்தச் சித்திரையில் ஸ்வீடனுக்கும் வழி அடைபட்டது. லண்டனுக்குப் போகிற கப்பலில் ஏலக்காய்க்கு இடம் கிடைக்கவில்லை. சுந்தர்ராஜ் கத்தரிகளைத் திருப்பி வாங்கிப் பூட்டியது அந்த வாரத்தில்தான்.

மற்றவர்கள் போனபின் ராமுத்தாய் நின்றாள்.

"கப்பல் போகலேன்னா என்ன மொதலாளி. நம்ம ஊர்ல வாய் இல்லையா?"

"இருக்கு ஆத்தா. அந்த வாய் காம்ப நறுக்கிக் கேக்கலயே. மதுரைக்கு ஆள் அனுப்பிப் பாத்தேன். காம்போட இருந்தா எடுத்துக்கிடுறோம்ங்கிறாக."

"காம்போட இருக்கறத விட இது சுத்தம்தான?"

"அதச் சொல்லித்தான் பாத்தேன்."

"வீரபாண்டித் திருவிழாவுக்குக் கம்பத்துலருந்து ஆண்டிபட்டி வரைக்கும் சனம் வரும். பாயாசம் வைக்காத வீடு உண்டா. ஒரு மூட்டை குடுங்க. நான் கொண்டு போய் விக்கிறேன்."

சுந்தர்ராஜ் அவளைப் பார்த்தார். "வித்துட்டா?"

"வித்துட்டா பொட்டியத் திறங்க."

அவர் வேட்டி மடிப்பிலிருந்த சாவியைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். "சரி. உள்ளூர்ல இது போகும்னு தெரிஞ்சா பத்துப் பேருக்காவது வேலை குடுக்கிறேன். ஒந் தங்கச்சிக்கும் ஒரு எடம் உண்டு. கர்த்தர் சித்தம்."

தங்கை என்று அவர் சொன்னது பஞ்சம்மாளை. ராமுத்தாய் அவருடைய வாயிலிருந்து வரவழைக்க நினைத்ததும் அந்தச் சொல்லைத்தான்.

ராமுத்தாய் ஓடைப்பட்டியில் பிறந்தவள். கல்யாணம் ஆனதும் புருஷனோடு ஏலமலைக்குக் காய் எடுக்கப் போனாள். இரண்டாவது மழைக்காலத்தில் அவனுக்கு மலைக்காய்ச்சல் கண்டது. கங்காணி கொடுத்த கம்பளியிலேயே சுற்றித் தூக்கிக்கொண்டு இறங்கினார்கள். அடிவாரத்தில், முந்தலில், இறக்கி வைத்தபோது உயிர் இல்லை. அவனைப் புதைத்தபின் கம்பளி மிஞ்சியது. நல்ல கம்பளி என்று யாரோ கேட்டார்கள். அவள் கொடுக்காமல் ஆற்றில் விட்டாள். அதற்குப் பிறகு மலைப்பக்கம் போகவில்லை. போடியில் எந்தத் தெருவில் நின்றாலும் மலை தெரியும். அவள் கிட்டங்கிக்குள் வாசலுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டாள்.

பஞ்சம்மாளும் அவள் புருஷன் தவசியும் ஓடைப்பட்டியில் குத்தகைக்குச் சோளமும் பருத்தியும் போட்டுக்கொண்டிருந்தார்கள். அங்கே இரண்டு வருஷம் சரியாக மழை இல்லை. ஒரு பொங்கலுக்குப் போன ராமுத்தாய், நிலத்தை விட்டுவிட்டுப் போடிக்கு வரச் சொன்னாள். நிழலில் வேலை, வானத்தைப் பார்த்துக் கழுத்து வலிக்க வேண்டாம் என்றாள். தவசி தயங்கினான். விட்டால் திரும்பக் கிடைக்காது என்றான்.

"சோளக்காடு என்ன ஒம் பேர்லயா இருக்கு?" என்று ராமுத்தாய் கேட்டாள்.

தவசிக்கு முகம் சுருங்கிப்போனது. அந்த மாதமே குத்தகையை விட்டான். பஞ்சம்மாள் கத்தரி பிடிக்கப் பழகினாள். தவசி மூட்டை தூக்கினான். நான்கு வருஷம் எல்லாம் நன்றாகத்தான் இருந்தது. கப்பல் நின்றபின் தவசி ஓடைப்பட்டிக்குப் போய் அந்த நிலத்தைக் கேட்டான். அவனுக்குப் பின் அதைக் குத்தகைக்கு எடுத்த கர்ணன் என்பவர் கிணற்றை ஆழப்படுத்தியிருந்தார். தவசியை உட்காரவைத்து மோர் கொடுத்து அனுப்பினார். தவசி திரும்பி வந்து இதைச் சொன்னபோது ராமுத்தாயைக் குறை சொல்லவில்லை. சொல்லியிருக்கலாம் என்று அவளுக்கு இருந்தது.

இப்போது கங்காணி தெருவில் நடமாடினார். கோடை மழை விழுந்ததும் மலையில் களையெடுப்பு தொடங்கும். அதற்கு ஆள் பிடித்தார். யார் வருகிறேன் என்கிறார்களோ அவர்களுக்கு ஒரு கம்பளி கொடுப்பார். அதை வாங்கிவிட்டால் போயாக வேண்டும். வாங்கிவிட்டுப் போகாதவர்களைப் பற்றி யாரும் கேள்விப்பட்டதில்லை.

"திருவிழா முடியட்டும்," என்று ராமுத்தாய் தங்கையிடம் சொன்னாள். "நான் வித்துட்டு வாரேன். மொதலாளி வாக்குக் குடுத்திருக்காரு. அதுவரைக்கும் கம்பளிக்குக் கைநீட்டாத."

"சரிக்கா," என்றாள் பஞ்சம்மாள்.

வீரபாண்டியில் கோயிலுக்குப் போகும் வழியில், மாவிளக்குச் சாமான் விற்கிறவர்களின் பக்கத்தில், ராமுத்தாய் சாக்கை விரித்தாள். காயைக் குவித்து, நெல் அளக்கிற சின்னப் படியை அதன்மேல் வைத்தாள். வாசத்துக்கே ஆட்கள் திரும்பிப் பார்த்தார்கள். பார்த்தவர்கள் கிட்டே வந்தார்கள். வந்தவர்கள் குனிந்து காயைக் கையில் எடுத்தார்கள். எடுத்ததும் முகம் மாறியது.

முடியிறக்கிய பிள்ளையை இடுப்பில் வைத்திருந்த ஒருத்தி ஒரு காயை உருட்டிப் பார்த்தாள். "என்னத்தா இது. பிள்ளைக்குத்தான் மொட்டை போட வந்தோம். நீ காய்க்கும் போட்டுட்டயா?"

கூட இருந்தவர்கள் சிரித்தார்கள். பிள்ளை காயைப் பிடுங்கி வாயில் போடப் பார்த்தது. அவள் அதன் கையிலிருந்து பறித்துச் சாக்கில் திரும்பப் போட்டாள்.

"காம்பு நறுக்குன காய் ஆத்தா. கப்பலுக்குப் போறது. சீமைல இப்படித்தான் கேப்பாக."

"சீமைல கேட்டா அங்கனயே விக்க வேண்டியதுதான. இங்கன எதுக்குக் கொண்டு வந்த?" என்று கேட்டுவிட்டு அவள் போனாள். கெட்ட எண்ணத்தோடு கேட்டதாகத் தெரியவில்லை.

அன்றைக்கு அதேபோல்தான் போனது. மறுநாளும். மொட்டைக் காய் என்று பேர் வைத்துவிட்டார்கள். எதிர்வரிசையில் காம்போடு, வாலோடு, தூசியோடு ஒருவன் குவித்து வைத்திருந்த காய் விற்றுத் தீர்ந்தது. அவன் இன்னொரு மூட்டை கொண்டுவர ஆள் அனுப்பினான்.

மிட்டாய்க் கடை போட்டிருந்த ஒச்சாண்டியை ராமுத்தாய்க்குத் தெரியும். ஓடைப்பட்டிக்காரர். லட்டுக்கும் பாயாசத்துக்கும் மொத்தமாக ஏலக்காய் வாங்குகிறவர். கடைசி நாள் செவ்வாய்க்கிழமை மத்தியானம் அவரிடம் போனாள். ஒரு காயைக் கடித்து, பிளந்து, விதையை அவர் உள்ளங்கையில் வைத்தாள்.

ஒச்சாண்டி மோந்து பார்த்தார். ஒன்றை வாயில் போட்டார். "நல்ல காய்தான்," என்றார்.

"பெறகு எதுக்கு யாரும் வாங்க மாட்டேங்கிறாக?"

"ஒனக்குத் தெரியாதா? மதுரைல தைலம் எறக்குற ஆளுக இருக்காங்க. காயக் கீறிச் சாறு எறக்கிட்டுச் சக்கையக் காய வச்சு விப்பாங்க. அப்படி விக்கும்போது காம்பு இருக்காது. நானே போன வருசம் ரெண்டு மூட்டை ஏமாந்தேன். அதுலருந்து காம்பு இல்லாத காயின்னா ஊர்ல எவனும் தொட மாட்டான்."

"இதுல வாசம் இருக்கே. இப்ப நீங்களே பாத்தீகளே."

"நான் பாத்தேன். எங் கடையில பாயாசத்துக்கு வாங்குறவ ஒவ்வொண்ணாக் கடிச்சா பாக்கப் போறா? அவ காம்பத்தான் பாப்பா. காம்பு இருந்தா சாறு இருக்குன்னு அர்த்தம்." அவர் கையைத் துடைத்துக்கொண்டார். "காம்போட கொண்டு வாயேன். அம்புட்டையும் எடுத்துக்கிடுறேன்."

"காம்ப நான்தான நறுக்குனேன்."

"அத இப்ப ஒட்டவா முடியும்," என்றார் ஒச்சாண்டி. கேலியாகச் சொல்லவில்லை. ஒரு பொட்டலத்தில் மிட்டாய் மடித்துக் கொடுத்தார். அவள் வாங்கிக்கொண்டாள்.

அவள் சாக்குக்குத் திரும்பி உட்கார்ந்தாள். குவியலிலிருந்து ஒரு காயை எடுத்தாள். நறுக்கு வட்டமாக, மேடுபள்ளமில்லாமல் இருந்தது. அவள் கையைத் தாண்டி வந்த காய். இதில் ஒரு குறையும் சொல்ல முடியாது. அடுத்ததை எடுத்தாள். அதுவும் அப்படித்தான் இருந்தது. தீச்சட்டி எடுத்தவர்கள் ஆற்றிலிருந்து ஏறி வந்தார்கள். கூட்டம் அவர்களுக்கு வழி விட்டு ஒதுங்கியபோது யாரோ சாக்கை மிதித்துவிட்டார்கள். ராமுத்தாய் சிதறிய காய்களைப் பொறுக்கிக் கட்டினாள்.

போடிக்கு வந்து சேர்ந்தபோது விளக்கு வைக்கிற நேரம். அவள் நேராகப் பஞ்சம்மாள் வீட்டுக்குப் போனாள். சித்திரைப் புழுக்கத்தில் கதவு திறந்தே கிடந்தது. உள்ளே பானைக்கு மேலே இரண்டு கறுப்புக் கம்பளிகள் மடித்து வைக்கப்பட்டிருந்தன.

"எப்ப வாங்குன?"

"நேத்து," என்றாள் பஞ்சம்மாள்.

"திருவிழா முடியட்டும்னு சொன்னேன்ல?"

"வீரபாண்டி போயிட்டு வந்தவுக சொன்னாக. ஒன் சாக்குல ஈ கூட ஒக்காரலயாம். கங்காணி நேத்தோட ஆள் எடுப்பு முடிஞ்சுதுன்னாரு. நான் என்ன செய்ய?"

ராமுத்தாய் மிட்டாய்ப் பொட்டலத்தைக் கீழே வைத்தாள். "நீ இரு. நான் போறேன். தவசியோட நான் போயி வேலை செய்யுறேன்."

"ஒன்னய எடுக்க மாட்டாக. கிட்டத்துல இருக்குறது தெரியாது ஒனக்கு. களையெது, செடியெதுன்னு தடவியா பாப்ப?"

அது நிஜம். கடைசி இரண்டு வருஷமாக ராமுத்தாய் காயை விரலால்தான் பார்த்துவந்தாள். தங்கைக்கு அது தெரியும் என்று அவளுக்குத் தெரியாது.

தவசி வாசலில் உட்கார்ந்து பீடி குடித்துக்கொண்டிருந்தான். அவன் எழுந்து தெருவுக்குப் போனான்.

"அங்கன காய்ச்சல்டி."

"எல்லாருக்குமா வருது."

"ஒங்க மாமாவுக்கு வந்துச்சே."

பஞ்சம்மாள் பொட்டலத்தைப் பிரித்து ஒரு மிட்டாயை எடுத்துப் பாதியாக உடைத்தாள். பாதியை அக்காளிடம் நீட்டினாள். "மழையப் பாத்துக் கழுத்து வலிக்க வேணாம்னு சொல்லிக் கூட்டிட்டு வந்த. இப்ப மழை பெய்யுற எடத்துக்கே போறேன். பெறகென்ன?"

ராமுத்தாய் மிட்டாயை வாங்கிக் கையில் வைத்துக்கொண்டாள். ஓடைப்பட்டியில் தவசியிடம் கேட்ட கேள்வி வாய்க்குள் வந்து நின்றது. அதைப் பற்றி ஏதாவது சொல்ல வேண்டும் என்று நினைத்தாள். தவசி தெருவிலிருந்து திரும்பி வந்தான். கம்பளிகளை எடுத்து, ஒன்றன்மேல் ஒன்றாக வைத்துக் கயிற்றால் கட்டினான். அவள் மிட்டாயை வாயில் போட்டுக்கொண்டு அதைப் பார்த்தாள்.

மறுநாள் புதன்கிழமை. விடிவதற்கு முன் கங்காணி வந்து கூப்பிட்டார். ராமுத்தாய் முந்தல் வரை கூடப் போனாள். அங்கிருந்து ஏறுகிறவர்கள் வரிசையாக ஏறினார்கள். பஞ்சம்மாள் கம்பளியைத் தலைச்சுமையின் மேல் வைத்திருந்தாள். இரண்டாவது வளைவுக்குப் பிறகு யார் யார் என்று ராமுத்தாய்க்கு அடையாளம் தெரியவில்லை.

திரும்பி வந்து காயைக் கிட்டங்கியில் ஒப்படைத்தாள். சுந்தர்ராஜ் நிறுத்துப் பார்த்தார். கொஞ்சம் குறைந்தது. பரவாயில்லை என்றார். கிட்டங்கியின் ஒரு பாதியில் புளி வந்து இறங்கியிருந்தது. கொட்டை எடுக்க ஆள் வேண்டும் என்றார். அதற்குக் கத்தரி தேவையில்லை. சின்னச் சுத்தியல் கொடுத்தார்கள். பவுனு ஏற்கெனவே உட்கார்ந்திருந்தாள். ராமுத்தாய் அவளுக்குப் பக்கத்தில் வாசலைப் பார்த்து உட்கார்ந்தாள். மத்தியானம் மலைப்பக்கம் மேகம் கறுத்தது. போடியில் மழை இல்லை. சாயங்காலம் கூலி கொடுத்தார்கள்.