ஷட்டருக்குச் செய்த சார்வு

எனக்கு வந்த நோட்டீஸை என்னைவிட என் ஷட்டர்தான் முதலில் படித்தது. திருவான்மியூரில் பஸ் நிலையத்துக்குப் பக்கத்துத் தெருவில் இருக்கிறது என் வீடு. முன்னால் தையல் கடை, பின்னால் ஓர் அறை. நானே தைத்துச் சம்பாதித்துக் கட்டியது. கடையைத் திறக்க உள்ளேயிருந்து ஷட்டரைத் தூக்குவேன், அடைக்கும்போதும் உள்ளேயிருந்தே இறக்குவேன். போக வரப் பின்சந்து இருப்பதால், ஷட்டரின் வெளிப்பக்கத்தை நான் பார்ப்பதே அபூர்வம்.

செவ்வாய்க்கிழமை கடைக்கு லீவு. ஒரு செவ்வாயன்று தி. நகரில் லைனிங் துணி வாங்கிக்கொண்டு திரும்பியபோது, பின்சந்தின் அந்தக் கோடியைத் தோண்டிப் போட்டிருந்தார்கள். முன்பக்கமாகச் சுற்றி வந்தேன். ஷட்டரில் ஒரு காகிதம், பலமுறை சுருண்டு வரிவரியாகக் கிழிந்து கிடந்தது. தெருவை அகலப்படுத்த என் கடையில் நான்கு அடி வேண்டுமாம். ஆட்சேபணை இருந்தால் நேரில் வந்து சொல்லலாமாம். சொல்ல வேண்டிய தேதி போய் ஒரு வாரம் ஆகியிருந்தது. அந்த நான்கு அடியில்தான் என் மெஷின் நிற்கிறது. அது போனால் கடையே இல்லை.

மறுநாள் கடையைத் திறக்காமல் நோட்டீஸ் அனுப்பிய அலுவலகத்துக்குப் போனேன். கிளார்க் ஃபைலைப் புரட்டினார்.

"நோட்டீஸ் சார்வு செஞ்சாச்சும்மா. நீங்க வரல. ஆட்சேபணை இல்லன்னு எழுதி மேல அனுப்பப் போறோம்."

சார்வு என்றால் உரியவரிடம் சேர்த்தாகிவிட்டது என்று அர்த்தமாம்.

"யார்கிட்ட சார் சேத்தீங்க?"

"ஷட்டர்லதான் ஒட்டிகீது. பூட்டி இருந்தா ஒட்டிட்டு வர்றதுதான் வழக்கம்."

"வாரத்துல ஆறு நாள் அங்கதான் மெஷின் மிதிச்சிக்கினு கீறேன். லீவு நாளாப் பாத்து வந்துகீறீங்க. கடைய தொறந்தா ஷட்டர் மேல சுருட்டிக்கினு பூடும். உள்ள சுருண்ட காயிதத்த எப்டி சார் படிக்கறது?"

அவர் சிரித்துவிட்டார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அதிகாரியைப் பார்க்காமல் நகரமாட்டேன் என்று பெஞ்சில் உட்கார்ந்தேன். அன்று கூப்பிடவில்லை, மறுநாளும் கூப்பிடவில்லை. மூன்றாம் நாள் அதிகாரி உள்ளே அழைத்து, "எழுதிக் குடுத்துட்டுப் போங்கம்மா, பாக்கறோம்" என்றார்.

"எழுதியும் குடுக்கறேன் சார். ஆனா நீங்க உக்காந்து கேக்கணும். ஒரு பிளவுஸுக்கே ஆள நிக்க வெச்சு அளவெடுத்துட்டுத்தான் நான் கத்திரி வெக்கறேன். நீங்க என் வீட்டையே வெட்டப் போறீங்க."

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு கிளார்க்கைக் கூப்பிட்டு விசாரணைக்கு வேறு தேதி போடச் சொன்னார்.

அந்த வாரமே ஊழியர் ஒருவர் புது நோட்டீஸும் பசை டப்பாவுமாக வந்தார். கடை திறந்திருந்தது, நான் மெஷினில் இருந்தேன். அவரோ ஒட்டுவதற்குச் சுவரைத் தேடிக்கொண்டிருந்தார். "ஒட்டாத நைனா, கையில குடு" என்று வாங்கி, கையெழுத்துப் போட்டு, மணியும் எழுதிக் கொடுத்தேன்.

விசாரணையில் நான் சொன்னது ஒன்றே ஒன்று. தெருவின் எல்லையைக் காட்டும் சர்வே கல், என் கடைக்கு முன்னால் ஓடும் சாக்கடைக்கு அந்தப் பக்கம், சிமெண்டு மூடிக்கு அடியில் இருக்கிறது. அவர்கள் டேப்பைப் பிடித்ததோ சாக்கடையின் இந்தப் பக்கச் சுவரிலிருந்து. கல்லிலிருந்து அளந்தால் அந்த நான்கு அடி சாக்கடையோடு முடிந்துவிடும், என் கடையைத் தொடாது. அதிகாரி தலையாட்டிக்கொண்டே எழுதி, கையெழுத்துப் போடச் சொல்லித் தாளை நீட்டினார். வாங்கிப் படித்தேன். 'மனுதாரர் ஆட்சேபணை தெரிவித்தார்.' அவ்வளவுதான்.

"கல்லு எங்க சார்?" என்றேன்.

பேனாவை வைத்துவிட்டுப் பெருமூச்சு விட்டார். பிறகு தாளை வாங்கிக் கல்லையும் எழுதினார், மூடியையும் எழுதினார். அதன் பிறகே கையெழுத்துப் போட்டேன்.

முடிவு இன்னும் வரவில்லை. எனக்கு எதிராகவும் வரலாம், அப்படி வந்தால் கோர்ட்டுக்குப் போவேன். இப்போதெல்லாம் காலையில் பின்சந்து வழியாகச் சுற்றி வந்து, வெளியே நின்று பார்த்துவிட்டுத்தான் ஷட்டரைத் தூக்குகிறேன். ஃபைலில் 'ஆட்சேபணை இல்லை' என்று அவர்கள் எழுத இருந்த இடத்தில் இன்று என் கல் இருக்கிறது. அதை இல்லை என்று தள்ள வேண்டுமானால் முதலில் அந்த மூடியைத் திறந்து பார்த்தாக வேண்டும்.